சேலம் தந்த திரைப்பட இயக்குநர்

ஒரு திரைப்படத்தைப் பார்த்துவிட்டு வெளியே வருகின்றவர்களுள் பத்துப் பேரை நிறுத்தி, அதில் நடித்தவர் யார் என்று கேளுங்கள். பத்துப் பேரும் விடை சொல்வர். பாடியவர் யார் என்று கேட்டால் ஐந்தாறு பேர் சொல்லக்கூடும். படத்தை இயக்கியவர் யார் என்று கேட்டால், ஒருவரோ இருவரோதான் வாய் திறப்பர். வீடு நன்றாயிருக்கிறது என்று புகழ்கிறோம். கட்டிய கொத்தனாரின் பெயரைக் கேட்பதில்லை. திரைப்பட இயக்குநரின் நிலையும் பெரும்பாலும் அத்தகையதே.

கதையாசிரியர் எழுதுகிறார், நடிகர் நடிக்கிறார், ஒளிப்பதிவாளர் படம் பிடிக்கிறார், இசையமைப்பாளர் பண் அமைக்கிறார், தச்சரும் வண்ணம் பூசுவோரும் அரண்மனையை எழுப்புகின்றனர். இவர்கள் அனைவரும் தனித்தனியே வல்லவராக இருந்தாலும், அவர்களை ஒரு நோக்கத்தில் இணைப்பவர் இல்லையேல், கிடைப்பது படமாகாது; துண்டுகளின் குவியலாகவே இருக்கும். இணைக்கும் அந்தப் பணியே இயக்குநர் பணி. அந்தப் பணியை நம் சேலத்துச் சமவெளியில் இருந்துகொண்டு ஏறத்தாழக் கால் நூற்றாண்டுக் காலம் செய்த ஒருவரைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன். அவர் மாடர்ன் தியேட்டர்ஸ் நிறுவனத்தைத் தோற்றுவித்த டி. ஆர். சுந்தரம்.

அவர் தொழிலில் இறங்கிய காலத்தின் நிலையை முதலில் நினைவிற் கொள்ள வேண்டும். தமிழின் முதற் பேசும்படமாகிய "காளிதாஸ்" 1931இல் வெளிவந்தது. அது தமிழ்நாட்டில் எடுக்கப்பட்டதன்று, பம்பாயில் எடுக்கப்பட்டது. அடுத்துவந்த படங்கள் பலவும் பம்பாயிலும் கல்கத்தாவிலும் உருவாயின. நடிகர், பாடகர், பக்கவாத்தியக்காரர், சமையற்காரர் எல்லாரும் இரயிலேறிப் பல நாள் பயணம் செய்து, மொழி தெரியாத ஊரில் தங்கிப் படம் முடித்துத் திரும்புவர். ஒலிப்பதிவு செய்யவல்ல படப்பிடிப்பு நிலையம் சென்னையிலேயே 1934இல்தான் அமைந்தது. இந்நிலையில், தலைநகரும் அல்லாத, துறைமுகமும் இல்லாத சேலத்தில் ஒரு நிலையம் எழுப்பலாம் என்று எண்ணுவதற்கே தனித் துணிவு வேண்டும்.

சுந்தரம் திருச்செங்கோட்டைப் பூர்விகமாகக் கொண்ட துணி வணிகக் குடும்பத்தில் 1907ஆம் ஆண்டு பிறந்தார். இங்கிலாந்திலுள்ள லீட்ஸ் நகருக்குச் சென்று நெசவுத் தொழில்நுட்பம் பயின்றார். ஊர் திரும்பியபின், சேலத்தில் ஏஞ்சல் பிலிம்ஸ் என்ற பெயரில் படமெடுத்துவந்த எஸ். எஸ். வேலாயுதம் பிள்ளையோடு கூட்டுச் சேர்ந்து இத்தொழிலின் நெளிவு சுளிவுகளைக் கற்றார். பின்னர் ஏற்காடு செல்லும் சாலையில் நிலம் வாங்கி மாடர்ன் தியேட்டர்சை நிறுவினார். அதன் முதற்படம் "சதி அகலியா" 1937இல் வெளிவந்தது. இலங்கையிலிருந்து வந்த தவமணி தேவி அதில் அகலிகையாக நடித்தார்.

நெசவு படித்தவருக்குத் திரைப்படத்தில் என்ன வேலை என்று நீங்கள் நினைக்கலாம். எனக்கோ, அவருடைய வெற்றியின் திறவுகோலே அந்தப் படிப்பில் இருப்பதாகத் தோன்றுகிறது. ஆலையிலே பஞ்சு ஒரு பக்கம் நுழைந்தால், நூற்கும் பகுதி, பாவு ஓடும் பகுதி, நெய்யும் பகுதி, சாயமிடும் பகுதி என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கடந்து துணியாக வெளிவருகிறது. ஓரிடத்தில் தாமதம் நேர்ந்தால் எல்லா இடத்திலும் வேலை நிற்கும். சுந்தரம் தம் நிலையத்தையும் இவ்வாறே அமைத்தார். கதைப் பகுதி, காட்சி அமைக்கும் பகுதி, படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவுக் கூடம், படச்சுருளைக் கழுவிப் பதப்படுத்தும் கூடம் யாவும் ஒரே வளாகத்தில் இருந்தன. எழுத்தாளரும் நடிகரும் தொழிலாளரும் மாதச் சம்பளம் பெற்றுப் பணிபுரிந்தனர். கதையும் உரையாடலும் முழுமையாக எழுதப்பட்ட பின்னரே படப்பிடிப்புத் தொடங்கும். குறித்த நேரத்துக்கு வராதவர் எத்துணைப் புகழ்பெற்றவராயினும் அவரிடம் முகதாட்சணியம் காட்டுவதில்லை. அவருடைய கண்டிப்பு திரையுலகில் ஒரு பழமொழி போலவே ஆகிவிட்டது.

நிலையத்தின் தொடக்கக் காலத்தில் நுட்பம் அறிந்தோர் நம்மிடையே குறைவு. சுந்தரம் கடல் கடந்தும் ஆள் தேடினார். மலையாளத்தின் முதற் பேசும்படமாகிய "பாலன்" இந்தச் சேலத்து நிறுவனத்தின் படைப்பே ஆகும். எஸ். நொட்டானி இயக்கிய அப்படம் 1938 சனவரியில் வெளிவந்தது. அதன் ஒளிப்பதிவாளர் போடோ குட்ஷ்வாகர் என்னும் ஜெர்மானியர். அதே காலத்தில் பம்பாயில், இமான்சு ராய் நிறுவிய பாம்பே டாக்கீசில் பிரான்ஸ் ஆஸ்டன் என்ற ஜெர்மானியர் இந்திப் படங்களை இயக்கிக்கொண்டிருந்தார். ஜோசப் விர்ஷிங் என்ற மற்றொரு ஜெர்மானியர் ஒளிப்பதிவு செய்தார். ஒளியையும் நிழலையும் கொண்டு கதை சொல்வதில் அந்நாட்டார் அன்று உலகுக்கே வழிகாட்டிகளாக விளங்கினர். ஆனால் 1939 செப்டம்பரில் போர் மூண்டது. பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த இந்தியாவில் ஜெர்மானியர் பகை நாட்டவர் ஆயினர். ஆஸ்டன் காவலில் வைக்கப்பட்டார். இரவல் விளக்கை நம்பி இரவு முழுவதும் படிக்க முடியாது என்னும் உண்மையைப் போர் இந்தியத் திரையுலகுக்கு உணர்த்தியது.

1940இல் சுந்தரம் இயக்கிய "உத்தம புத்திரன்" வெளிவந்தது. பி. யு. சின்னப்பா அதில் இரட்டையராகப் பிறந்த அரசகுமாரர் இருவராகவும் நடித்தார். தமிழ்த் திரையின் முதல் இரட்டை வேடம் இதுவே என்பர். இன்று கணினியின் துணையால் ஒரு நடிகரைப் பத்துப் பேராகக் காட்டலாம். அன்று இத்தகைய காட்சியை எடுக்கும் முறை வேறு. கேமராவின் முன்னால் ஒரு பாதியை மறைத்துவிட்டு, திறந்த பாதியில் நடிகரை நிறுத்திப் படம் பிடிப்பர். பிறகு அதே சுருளைப் பின்னோக்கிச் சுற்றி, மறைத்த பாதியைத் திறந்து, பிடித்த பாதியை மறைத்து, வேறு உடையில் அதே நடிகரை எதிர்ப்பக்கம் நிறுத்தி மீண்டும் படம் பிடிப்பர். இடையில் கேமரா மயிரிழை அசைந்தாலும் கோடு தெரிந்துவிடும். எதிரில் ஆள் இல்லாமலேயே, இருப்பவர் போலப் பார்த்துப் பேச வேண்டும் நடிகர். கணக்கும் பொறுமையும் இல்லாத இடத்தில் இந்த மாயம் பலிக்குமா?

1942இல் "மனோன்மணி" வந்தது. பேராசிரியர் சுந்தரம் பிள்ளை 1891இல் வெளியிட்ட "மனோன்மணீயம்" என்னும் நாடகநூலைத் தழுவியது அப்படம். சின்னப்பாவும் டி. ஆர். ராஜகுமாரியும் நடித்தனர். கல்லூரி மாணவர் பாடமாகப் படித்த ஒரு நூல், எழுத்தறியாத உழவரும் கண்டு களிக்கும் காட்சியாக ஊர் ஊராகச் சென்றது.

போரின் நெருக்கடி முற்றியபொழுது கச்சாச் சுருள் கிடைப்பது அரிதாயிற்று. ஒரு படத்தின் நீளம் 11,000 அடிக்கு மேற்படலாகாது என்று அரசாங்கம் வரம்பு கட்டியது. மாணவர்களே, இதனை ஒரு கணக்காகப் போட்டுப் பாருங்கள். திரையில் நொடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. ஓர் அடிச் சுருளில் 16 படங்கள் உள்ளன. ஆகவே நிமிடத்துக்கு 90 அடி. 11,000 அடி என்பது ஏறத்தாழ இரண்டு மணி நேரம். மூன்று மணி நேரமும் அதற்கு மேலும் பாடல்களால் நிரம்பிய படங்களுக்குப் பழகியிருந்த காலம் அது. வேண்டாத காட்சியை வெட்ட அறியாதவர் தவித்தனர்; திட்டமிட்டு எழுதிப் பழகியவர்க்கு அந்த வரம்பு பெருந்துன்பமாக இருந்திராது. 1945இல் போரைப் பொருளாகக் கொண்டு "பர்மா ராணி" என்ற படத்தைச் சுந்தரம் எடுத்தார். ஜப்பானியப் படைத்தலைவனாக அதில் அவரே நடித்தும் காட்டினார்.

நாடு விடுதலை பெற்றபின் சேலத்தின் பெருமை இன்னும் உயர்ந்தது. 1950இல் வெளிவந்த "மந்திரி குமாரி" ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசியின் கதை நிகழ்ச்சி ஒன்றை அடிப்படையாகக் கொண்டது. மு. கருணாநிதி உரையாடல் எழுதினார், எம். ஜி. இராமச்சந்திரன் நடித்தார். படத்தை இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர் இடையில் தாய்நாடு திரும்ப நேர்ந்தபோது, எஞ்சிய பகுதியைச் சுந்தரமே முடித்தார். அதே ஆண்டில் பாவேந்தர் பாரதிதாசனின் "எதிர்பாராத முத்தம்" என்னும் காவியம் "பொன்முடி" என்ற பெயரில் இங்கே படமாயிற்று. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் துப்பறியும் நாவலாகிய "திகம்பர சாமியார்" சுந்தரத்தின் இயக்கத்தில் திரைக்கு வந்தது, எம். என். நம்பியார் அதில் பல மாறுவேடங்களில் தோன்றினார். கவிஞர் கண்ணதாசனும் கா. மு. ஷெரீப்பும் இந்நிறுவனத்தில் பணியாற்றியவர்களே. பிற்காலத்தில் தமிழ்நாட்டின் முதலமைச்சர் பதவியை வகித்த இருவர், இளமையில் ஒரே நிலையத்தின் வாயிலில் நுழைந்து வேலை செய்தனர் என்பது சேலம் வரலாற்றில் பொறிக்கத்தக்க செய்தி அன்றோ?

அவரது புகழின் சிகரம் 1956இல் வெளிவந்த "அலிபாபாவும் 40 திருடர்களும்". தமிழில் முழுநீள வண்ணப்படம் அதுவே முதல். கேவா கலர் என்னும் பெல்ஜிய நாட்டுச் சுருளில் எடுக்கப்பட்டது அது. அந்த முறைக்கு வேராக இருந்தது ஆக்பா கலர் என்னும் ஜெர்மானிய முறை. வண்ணச் சுருளுக்குக் கறுப்பு வெள்ளைச் சுருளைக் காட்டிலும் பன்மடங்கு ஒளி வேண்டும். நடிகர் முகத்திலிட்ட பூச்சு, உடையின் சாயம், சுவரின் நிறம் ஒவ்வொன்றையும் புதிதாகச் சோதிக்க வேண்டும். கறுப்பு வெள்ளையில் எந்தச் சாயமும் சாம்பல் நிறமே. வண்ணத்தில் ஒரு சாயம் கூடினாலும் கண்ணை உறுத்தும். நெசவும் சாயமும் அறிந்தவர்க்கு இச்சோதனை முற்றும் புதியதன்று. இம்முறை கேமராவின் பின்னால் நின்றவர் அயல்நாட்டார் அல்லர், டபிள்யூ. ஆர். சுப்பாராவ் என்னும் நம் நாட்டவர். "பாலன்" படத்துக்கும் "அலிபாபா"வுக்கும் இடைப்பட்ட பதினெட்டு ஆண்டுகளில் நாம் எவ்வளவு தூரம் நடந்திருக்கிறோம் என்பதற்கு இஃது ஒன்றே சான்று.

1961இல் மலையாளத்தின் முதல் வண்ணப்படத்தையும் அவரே இயக்கினார். "கண்டம் வெச்ச கோட்டு" என்பது அதன் பெயர். ஒட்டுப்போட்ட கோட்டு என்று பொருள். ஹஜ் பயணத்துக்காகச் சேர்த்த காசை ஒரு பழைய கோட்டுக்குள் வைத்துக் காக்கும் முதியவர் ஒருவரின் கதை. அலிபாபாவின் பொற்குகையைக் காட்டிய அதே மனிதர், ஏழை ஒருவரின் கந்தல் கோட்டுக்கும் வண்ணச் சுருளைச் செலவிட்டார். 1963 ஆகஸ்டில் சுந்தரம் காலமானார். அவருக்குப் பின்னும் சில காலம் நடந்த மாடர்ன் தியேட்டர்ஸ் மொத்தத்தில் நூற்றுக்கு மேற்பட்ட படங்களைத் தந்தது.

இதுவரை புகழ்ந்தேன். ஆய்வு நேர்மையாக இருக்க வேண்டுமாயின் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். சுந்தரம் எடுத்த படங்களுள் பல, பிறநாட்டுக் கதைகளின் தழுவல்கள். வாட்போரும் மாறுவேடமும் மந்திரமும் அவற்றில் மிகுதி. "இவர் திறமையான முதலாளி, கலைஞர் என்று எவ்வாறு சொல்வது?" என்று கேட்போர் உண்டு. கலை என்பது ஒருவரது அகத்திலிருந்து தன்னியல்பாகப் பொங்குவது. அதற்கு மணியடித்து நேரம் வகுக்கலாகாது என்பது அவர்கள் கட்சி.

இக்கேள்விக்கு விடை காண ஜெர்மனியை ஒருமுறை எட்டிப் பார்ப்போம். சுந்தரம் மறைவதற்கு ஓராண்டு முன்பு, 1962 பிப்ரவரியில், ஓபர்ஹௌசன் என்ற நகரில் மேற்கு ஜெர்மானிய இளைஞர் 26 பேர் ஓர் அறிக்கையில் கையொப்பமிட்டனர். பெருநிறுவனங்கள் வார்த்துத் தரும் பழைய பாணிப் படங்களுக்கு முடிவு கட்டி, இயக்குநர் தம் சொந்த நோக்கில் படமெடுக்கும் புதிய வழியை அவர்கள் வேண்டினர். அந்த வழியில் பின்னர் வந்தவர்களுள் ரெய்னர் வெர்னர் பாஸ்பிண்டர் தலையாயவர். போர் முடிந்த 1945ஆம் ஆண்டிலேயே பிறந்தவர். போருக்குப்பின் செல்வம் பெருகிய தம் நாட்டின் உள்ளத்தில் மறைந்துகிடந்த புண்களைத் தம் படங்களில் அஞ்சாது காட்டியவர். 1979இல் வந்த "மரியா பிரவுனின் திருமணம்" அவற்றுள் புகழ்மிக்கது.

முதற் பார்வைக்குச் சுந்தரமும் பாஸ்பிண்டரும் வடதுருவமும் தென்துருவமும் போலத் தோன்றுவர். முன்னவர் நிறுவனத்தை எழுப்பியவர். பின்னவர் நிறுவனப் பாணியை மறுத்தவர். ஆனால் அந்த ஜெர்மானியர் வேலை செய்த விதத்தை நோக்குங்கள். 1969 முதல் 1982இல் 37 வயதில் இறக்கும்வரை, பதின்மூன்று ஆண்டுகளில் ஏறத்தாழ நாற்பது படங்களை அவர் எடுத்து முடித்தார். எப்படி முடிந்தது? நாடகக் குழுவாகத் தொடங்கிய ஒரே நடிகர் கூட்டத்தை உடன் வைத்துக்கொண்டார், முன்னதாகத் திட்டமிட்டார், நாளைக் கடத்தாது எடுத்தார். தன்னியல்பாகப் பொங்கிய கலைக்கும் ஓடிச்செல்ல ஒரு வாய்க்கால் தேவையாயிருந்தது. முறை கலைக்குப் பகை அன்று என்பதை இருவருமே, இரு வேறு திசைகளில் நின்று, மெய்ப்பித்தனர். முறை மட்டுமே கலை ஆகிவிடாது என்பதும் உண்மையே. சுந்தரத்தின் படங்களுள் சில காலத்தை வென்று நிற்பதும், சில மறக்கப்பட்டதும் அதனாலேயாம்.

எனக்கு இவ்வுண்மையை விளக்கப் புத்தகம் தேவையில்லை. எங்கள் ஊரே போதும். கொல்லிமலையும் பச்சைமலையும் காவல் நிற்க, சுவேத நதியின் கரையில் அமைந்தது தம்மம்பட்டி. மரச்சிற்பத்துக்குப் பெயர்பெற்றது. எங்கள் ஊர்ச் சிற்பி வாகை மரத்துண்டைக் கையில் எடுத்தவுடன் உளியை வைத்துவிடுவதில்லை. முதலில் அளவு குறிக்கிறார், முகத்தின் நீளத்தைக் கொண்டு உடலின் நீளத்தை வகுக்கிறார், கோடு வரைகிறார். அதன்பின்னரே உளி பேசத் தொடங்குகிறது. அளவு தவறினால் எத்துணை நுண்ணிய வேலைப்பாடும் வீண். ஆனால் அளவு மட்டும் தெரிந்தவரின் கையில் சாமியின் கண் திறப்பதில்லை. அளவும் வேண்டும்; அதற்கு அப்பால் ஒன்றும் வேண்டும். ஆசிரியப் பணியில் நான் கண்டதும் இதுவே. அறிவுக்கூர்மை மிக்க மாணவர் சிலர், "எனக்கு மனம் வரும்போதுதான் எழுத வரும்" என்று சொல்லிச் சொல்லியே காலத்தைக் கழித்தனர். நாள்தோறும் ஒரு பக்கம் எழுதிய நடுத்தர மாணவர் முன்னேறிச் சென்றனர்.

மற்றொன்றும் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்து இளைஞரிடம் பேசினால், பெரிய காரியம் எதுவாயினும் சென்னைக்கோ வெளிநாட்டுக்கோ போனால்தான் நடக்கும் என்ற எண்ணம் வேரோடியிருப்பதைக் காண்கிறேன். படிப்பதற்குப் போகத்தான் வேண்டும்; சுந்தரமும் லீட்ஸ் வரை போனார். ஆனால் கற்றதைக் கொண்டுவந்து சேலத்தில் நட்டார். வெளியூரார் இங்கே வேலை தேடி வந்தனர். டூரிங் டாக்கீஸ் கொட்டகைகளில் மணலைக் குவித்து அதன்மேல் அமர்ந்து படம் பார்த்து வளர்ந்த எங்கள் தலைமுறைக்கு, திரையில் மாடர்ன் தியேட்டர்ஸ், சேலம் என்ற எழுத்துகளைக் காணும்போது உண்டான பெருமிதம் சிறிதன்று. நம் ஊர் பெயரும் அங்கே ஏறலாம் என்பதே அந்தப் பெருமிதத்தின் பொருள்.

இன்று ஏற்காடு சாலையில் அந்நிலையத்தின் நுழைவாயில் வளைவு நிற்கிறது. உள்ளே படப்பிடிப்புத் தளங்கள் இல்லை. கட்டடம் போனது ஒருபுறம் இருக்கட்டும். படங்களே பல போய்விட்டன. அக்காலச் சுருள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் வகையைச் சேர்ந்தது. வெப்பத்திலும் ஈரத்திலும் தானே சிதைந்து பொடியாகும். நாட்டுக்கென்று ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் புனேயில் 1964இல்தான் தோன்றியது. சேலத்தில் பிறந்த "பாலன்" என்னும் முதல் மலையாளப் பேசும்படத்தின் பிரதி இன்று நமக்குக் கிடைக்கவில்லை. ஓலைச்சுவடிகளைச் செல்லரிக்க விட்டுவிட்டுப் பின்னர் வருந்திய இனம் நாம். உ. வே. சாமிநாதையர் போன்ற பெரியோர் ஊர் ஊராக அலைந்து எஞ்சியவற்றைக் காத்தனர். நூற்றாண்டுகூட ஆகாத படச்சுருளையும் அவ்வாறே இழந்துவிட்டோமே என்று எண்ணும்போது நெஞ்சு வேகிறது.

ஆகவே, மாணவ நண்பர்களே, உங்களுக்கு ஒரு வேலை தருகிறேன். உங்கள் ஊரில் பழைய பாட்டுப் புத்தகம், படத்தின் விளம்பரத் தாள், நிழற்படம் ஏதேனும் வீட்டுப் பரணில் கிடக்கக்கூடும். மாடர்ன் தியேட்டர்சில் பணிபுரிந்தவரின் பிள்ளைகளும் பேரப் பிள்ளைகளும் உங்கள் தெருவிலேயே இருக்கக்கூடும். அவர்களைக் கண்டு வணங்கிக் கேளுங்கள். கேட்டதைத் தேதியோடும் ஊரோடும் எழுதி வையுங்கள். கிடைத்த தாளைப் பத்திரப்படுத்துங்கள். இனி ஒரு படத்தைப் பார்க்கும்போது, தொடக்கத்தில் ஓடும் பெயர்களை ஒருமுறை முழுமையாகப் படியுங்கள். நடிகர் பெயரோடு நிறுத்திவிடாது, ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், காட்சியமைத்தவர், இயக்குநர் என்று கடைசிப் பெயர்வரை படியுங்கள். ஒரு கலை எத்தனை கைகளால் உருவாகிறது என்பது அப்பொழுது விளங்கும். அத்தனை கைகளையும் ஒரு நேரத்துக்கு, ஓர் இடத்துக்கு, ஒரு நோக்கத்துக்கு அழைத்துவந்த ஒருவர், நம் சமவெளியில் பிறந்து நம் சமவெளியிலேயே உழைத்தார் என்பதும் உடன் நினைவுக்கு வரட்டும்.